விக்டோரியா அழ மாட்டாளாம்

மார்ச் 4, 2024

கும்மிடிப்பூண்டி லோக்கல் ரயில். பக்கத்து சீட்டு அம்மா, "இன்னா வேலம்மா பாக்குற?" என்றார். ஆவணப்படம் தயாரிக்கிறேன் என்றேன். "சினிமாவா! யாரு ஹீரோ?" கம்பெனியில் தகடு அழுத்தும் பிரஸ் மெஷினில் விரல் போனவர்கள் என்றேன். எழுந்து வேறு சீட்டுக்குப் போய்விட்டார். என் தொழிலுக்கு இதுவே நல்ல வரவேற்புதான்.

மார்ச் 9

விக்டோரியாவைப் படம் எடுத்தோம். வலது கையில் இரண்டு விரல் இல்லை. வாய்க்கு ஒரு குறையும் இல்லை. பவுடர், லிப்ஸ்டிக், தலை நிறையப் பூ. இயக்குநர் சரவணகுமாருக்கு முகம் சுருங்கியது. விபத்தைப் பற்றிக் கேட்டார்.

"ரத்தத்தைப் பாத்ததும் சூப்பர்வைசரு மயங்கி உயுந்துட்டான் சார். ஆம்புலன்ஸ்ல அவனைப் படுக்க வெச்சிட்டாங்க. நான் பக்கத்துல ஒக்காந்துகினு போனேன்."

சொல்லிவிட்டு அவளே சிரித்தாள். கேமராமேன் சிரித்ததில் ஷாட் ஆடிவிட்டது.

"கொஞ்சம் அழ முடியுமாம்மா?"

"மை கலைஞ்சிடும் சார்."

ஏப்ரல் 2

வெளிநாட்டு சேனல் அம்மணி வீடியோ காலில் வந்தாள். விக்டோரியாவிடம் சோகம் போதவில்லையாம். ஒரு அழுகைக் காட்சி இருந்தால்தான் படத்தை வாங்குவார்களாம். சரவணகுமார் வெட்கமில்லாமல் தலையாட்டினார். நானும்தான்.

ஏப்ரல் 6

விக்டோரியா வீட்டுக்குப் போனேன். நாஷ்டா வைத்தாள். எப்படிக் கேட்பது என்று இட்லியைப் பிய்த்துக்கொண்டே இருந்தேன்.

"அழச் சொல்லத்தானேக்கா வந்த?"

மாட்டிக்கொண்டேன்.

"ஆஸ்பத்திரில அழுது தீத்துட்டேன். அப்ப ஒருத்தரும் கேமராவத் தூக்கிகினு வரல. இப்ப இன்னாத்துக்கு?"

தலை நிமிராமல் இன்னும் இரண்டு இட்லி சாப்பிட்டேன். எனக்கெல்லாம் வெட்கம் வந்தால் பசியும் வந்துவிடும்.

ஏப்ரல் 7

சேனலுக்கு முடியாது என்று எழுதிவிட்டேன். அனுப்பியதும் என்னையே திட்டிக்கொண்டேன்: பைத்தியமாடி உனக்கு? இதை விட்டால் வேறு யார் வாங்கப் போறாங்க?

ஏப்ரல் 9

சரவணகுமார் டைட்டிலில் தன் பெயரை எடுத்துவிடச் சொன்னார். இந்தப் படத்திலேயே சுலபமான எடிட்.

ஜூன் 16

விக்டோரியாவின் சர்ச் ஹாலில் படத்தைப் போட்டோம். எல்லாம் கம்பெனி ஷிப்ட் ஆட்கள். சூப்பர்வைசர் மயங்கிய இடத்தில் ஹாலே வெடித்தது. சிரிப்பு அடங்குவதற்குள் திரையில் விக்டோரியா கையை விரித்துக் காட்டினாள். பிறகு ஃபேன் சத்தம் மட்டும்தான்.

முடிந்து வயர்களைச் சுற்றிக்கொண்டிருந்தேன். ஒரு பெண் வந்து நின்றாள். பெயர் ஏஞ்சலின், பக்கத்து கம்பெனி. துப்பட்டாவுக்குள்ளிருந்து இடது கையை வெளியே எடுத்தாள். கட்டை விரல் இல்லை.

"எங்க ஊட்டு ஆளுங்களத் தவிர யாருக்கும் காட்டினதில்லக்கா. நான் பேசலாமா?"

நாளைக்கு வரச் சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டாள்.

வயரைக் கீழே போட்டுவிட்டு, போனில் ரெக்கார்டை அழுத்தினேன்.