கண்ணாடி ஓட்டுக்குக் கீழே எடுத்த இன்னொரு படம்

பாய்,

கணபதிப் பகுதியில் ஓவியரின் வீட்டை அருங்காட்சியகமாக்கிவிட்டார்கள். போன புதன்கிழமை போயிருந்தேன். வாசலில் கொடுத்த டிக்கெட் இதோ என் மேசையில் கிடக்கிறது. வழவழப்பான தாள். அதில் நீ எடுத்த படத்தை அச்சடித்திருக்கிறார்கள். உன் பெயர் எங்காவது இருக்கிறதா என்று பின்பக்கம் திருப்பிப் பார்த்தேன். செருப்பை வெளியே விட்டுவிட்டு வரவும் என்று இருந்தது.

படம் உனக்கு நினைவிருக்கும். ஓவியர் வீட்டு ஆசாரத்தில், அதாவது முன்கூடத்தில், வாசற்கதவை ஒட்டி, மரத்தாங்கியில் வைத்த படத்துக்கு முன்னால் நிற்கிறார். கையில் தூரிகை. முகத்தில் விருந்தாளியை உட்காரச் சொல்லும் புன்னகை. அந்தப் படத்தில் முகம் மட்டும்தான் உண்மை. மற்றதெல்லாம் நாம் செய்தது. அவர் நின்று வரைந்தவர் அல்ல. ஆசாரத்தில் வரைந்தவரும் அல்ல. அந்தத் தாங்கி பக்கத்து டியூஷன் சென்டரில் கேட்டு வாங்கியது. கரும்பலகையைக் கழற்றிச் சுவரில் சாய்த்துவிட்டு, ஆளுக்கொரு பக்கம் பிடித்துத் தூக்கி வந்தோமே.

இப்போது அதே இடத்தில் தேக்கில் செய்த புதிய தாங்கி நிற்கிறது. சுற்றிலும் சிவப்புக் கயிறு, மேலே தனி விளக்கு. பக்கத்துச் சுவரில் கண்ணாடிச் சட்டத்துக்குள் ஒரு பத்திரிகைக் கட்டுரை. ‘தினமும் காலையில் ஆசாரத்தில் நின்றபடியே வரைவது அவர் வழக்கம்’ என்று தொடங்குகிறது. மேலே கொட்டை எழுத்தில் என் பெயர்.

முப்பது வருடத்துக்கு மேல் ஆகிறது. உன் மொபெட்டில் பின்னால் உட்கார்ந்து போனேன். அந்தத் தெருவில் வீட்டுக்கு ஒரு லேத் பட்டறை. ஆசாரத்தில் கால் வைத்ததும் தரை உள்ளங்காலில் அதிர்ந்தது. ஓவியர் அங்கே இல்லை. வீட்டுக்காரம்மா, “உள்ள வாங்க, அடுப்படில உக்காந்திருக்காருங்க” என்று அழைத்துப் போனார்.

பின்கட்டில் நீளமான சமையலறை. ஒரு கோடியில் அடுப்பு. அந்தம்மா அவரைக்காய் நார் உரித்த முறம் பக்கத்திலேயே இருந்தது. மறு கோடியில் மடித்துப் போட்ட பவானி ஜமக்காளத்தில் ஓவியர், மடியில் பலகையோடு. கூரையில் இரண்டு ஓட்டுக்குப் பதில் கண்ணாடி ஓடு பதித்திருந்தார்கள். அவற்றின் வழியே வெயில் இரண்டு சதுரமாகத் தரையில் விழுந்துகொண்டிருந்தது. ஒரு சதுரம் அவர் பலகைமேல் ஏறியிருந்தது.

“வெளிச்சம் நவுந்தா நானும் ஜமக்காளத்த இழுத்துட்டு நவுந்துக்குவேனுங்க,” என்றார். “ஆட்டுக்கல்லுகிட்ட ஆரம்பிச்சா, மத்தியானம் பரணுக்குக் கீழ போயிருவேன். ஆசாரத்துல உக்காந்தா, பட்டறக்காரங்க அடிக்கற அடில ஒரு கோடு நேரா வராதுங்க.”

நீ கேமராவை உறையிலிருந்து எடுத்திருந்தாய். நான்தான் தடுத்தேன். “அம்மா, இவ்வளவு பெரிய ஓவியரை அடுப்படில உக்கார வெச்சுக் காட்டினா மரியாதையா இருக்காதுங்க. ஆசாரத்துல வெச்சு எடுத்துக்கலாமுங்க,” என்றேன்.

“எப்பவும் இங்கதான் அவரு உக்காருவாருங்க. இங்கயே எடுத்தா என்னங்க?” என்றார் அந்தம்மா.

“ரிப்போர்ட்டரே,” என்றாய் நீ. “சோறு பொங்கற எடத்துலயே சோத்துக்கு வழியும் பண்றாரு மனுசன். இதுல என்ன மரியாத கொறஞ்சு போச்சு?”

நான் கேட்கவில்லை. ஓவியருக்கும் என்னை மறுத்துப் பேச மனம் வரவில்லை. வீடு தேடி வந்தவன் ஒன்று கேட்டு, இல்லை என்று சொல்லும் ஆள் அல்ல அவர். “தம்பி அவ்வளவு தூரம் சொல்றாங்க, நிக்கறனே,” என்று எழுந்துவிட்டார். ஆசாரத்தில் நிறுத்தியதும், “ஏனுங்க, கைய எப்புடி வெச்சுக்கோணும்?” என்று கேட்டார். அவர் வாழ்க்கையில் நின்றுகொண்டு தூரிகை பிடித்தது அதுதான் முதல் முறை. “வாத்தியார் பெரம்பு புடிக்கற மாதிரி புடிங்க. தாங்கி அவங்களுதுதானுங்களே,” என்றாய் நீ. அந்தப் புன்னகை அப்போது வந்தது.

கிளம்பும்போது உன்னைக் காணோம். சமையலறைப் பக்கம் ஒரு கிளிக் கேட்டது. ஓவியர் அதற்குள் பழைய இடத்துக்குப் போய் உட்கார்ந்திருந்தார். நீ வெளியே வந்து, “பேப்பருக்கு எடுத்தாச்சு. இது எனக்கு ஒண்ணு,” என்றாய்.

எந்த வேலைக்குப் போனாலும் உனக்கு அப்படி ஒன்று வேண்டும். மில் வாசல் மறியல், மந்திரி திறந்துவைத்த பாலம், சந்தையில் தீ. கேட்டதை எடுத்து முடித்த பிறகு, யாரையும் நிற்கச் சொல்லாமல், திரும்பச் சொல்லாமல் ஒன்று. ஆபீஸ் ஃபிலிமை வீணாக்குகிறாய் என்று எத்தனை தடவை உன்னைச் சீண்டியிருப்பேன்.

கட்டுரை ஞாயிற்றுக்கிழமை வந்தது. படம் நின்றபடி இருந்ததால் எழுத்தையும் நிற்க வைத்துவிட்டேன். நீ பேப்பரை விரித்துப் பார்த்துவிட்டு, “உன் பேரு பெருசா வந்துருக்குது. அதான் என் பேருக்கு எடம் பத்தல போல,” என்றாய். புகைப்படக்காரர் பெயரைப் போடும் வழக்கம் அன்று நம் பேப்பரில் இல்லை. நான் கேட்டிருந்தால் போட்டிருப்பார்கள். கேட்கவில்லை.

அவரைப் பற்றி வந்த முதல் கட்டுரை அது. பிறகு எழுதியவர்கள் எல்லோரும் அதிலிருந்தே எடுத்தார்கள். அவர் பெயர் வெளியே பரவப் பரவ, ஆசாரமும் நின்ற கோலமும் கூடவே பரவின. ஓவியர் போய், அந்தம்மாவும் போனார். பிள்ளைகள் இல்லாத வீடு. சொந்தக்காரர்கள் ஓர் அறக்கட்டளைக்குக் கொடுத்துவிட்டார்கள். நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். சின்ன விஷயம்தானே என்று விட்டுவிட்டேன்.

சின்ன விஷயம் என்ன செய்திருக்கிறது கேள். அவருடைய படங்களில் எல்லாம் எங்காவது இரண்டு சதுர வெளிச்சம் விழுந்திருக்கும் அல்லவா, மாட்டின் முதுகில், பெண்ணின் தோளில், மூட்டைமேல்? அதற்கு ஒரு விளக்கப் பலகை வைத்திருக்கிறார்கள். ‘இரு ஒளிச் சதுரங்கள் ஜீவாத்மாவையும் பரமாத்மாவையும் குறிக்கின்றன.’ பள்ளிக்கூடப் பிள்ளைகள் வரிசையில் நின்று அதை நோட்டில் எழுதிக்கொண்டிருந்தார்கள்.

நான் பின்கட்டுக்குப் போனேன். சமையலறையில் உடைந்த நாற்காலிகளை அடைத்திருந்தார்கள். கண்ணாடி ஓடுகள் மட்டும் அப்படியே இருந்தன. மணி பதினொன்று இருக்கும். நாற்காலிக் கால்களுக்கு நடுவே, ஆட்டுக்கல்லுக்கு ஒரு முழம் தள்ளி, இரண்டு சதுரங்களும் தரையில் கிடந்தன. கதவில் ஓர் அறிவிப்பு: திங்கட்கிழமை முதல் இப்பகுதியின் கூரை அகற்றப்பட்டு, பார்வையாளர்களுக்குத் தேநீர்க்கூடம் கட்டப்படும்.

திங்கட்கிழமைக்கு நான்கு முழு நாள் இருந்தது. செய்திக்கு அது தாராளம். நேரே அலுவலக அறைக்குப் போனேன். பொறுப்பாளர் ஒரு பெண், நாற்பது வயதுக்குள் இருக்கும். எழுந்து நின்று வணங்கி, மோர் வரவழைத்துக் கொடுத்தார். விஷயத்தைச் சொன்னேன். முழுதும் கேட்டார்.

“எழுத்துல ஏதாச்சும் ஆதாரம் இருக்குதுங்களா சார்?”

“ஆசாரத்துல மாட்டியிருக்கிற கட்டுரைய எழுதினதே நான்தானுங்க. அதுல தப்பா எழுதிட்டேன்.”

“நீங்களே எழுதியிருக்கீங்க. இப்ப நீங்களே இல்லைங்கறீங்க. நான் எந்த சாரை நம்பறதுங்க?”

சிரித்துக்கொண்டுதான் கேட்டார். ஆயுள் முழுக்க அடுத்தவரிடம் ஆதாரம் கேட்டவன் நான்.

“கமிட்டில வெச்சுப் பாக்கலாமுங்க. கண்டிப்பா செஞ்சுபோடலாமுங்க,” என்றார். கமிட்டி எப்போது கூடும் என்று கேட்டேன். அடுத்த மாதம். அதுவரை கூரையை நிறுத்தி வைக்க முடியுமா என்றேன். “சொல்லிப் பாக்கறனுங்க. குறை ஏதாச்சும் இருந்தா பார்வையாளர் புத்தகத்துலயும் எழுதலாமுங்க சார்.” திட்டியிருந்தால் பதிலுக்குத் திட்டியிருப்பேன். இத்தனை ‘ங்க’வுக்கு நடுவில் எதைப் பிடித்துச் சண்டை போடுவது? முப்பது வருடத்துக்கு முன்னால் நானும் இதே குரலில்தானே அந்தம்மாவை மடக்கினேன்.

நம் பழைய பேப்பர் ஆபீசுக்குப் போன் செய்தேன். எடுத்த உதவி ஆசிரியர் என் பெயரைக் கேள்விப்பட்டிருக்கிறாராம். “திருத்தம்னா நேத்து வந்ததுக்குப் போடுவோம் சார். இத்தன வருஷம் கழிச்சு, ஆசாரம்னு வந்தத அடுப்படின்னு வாசிக்கவும்னு போட்டா, மத்த செய்தியெல்லாம் என்னாச்சுன்னு வாசகர் கேக்க மாட்டாங்களா?” என்றார். கேட்கத்தான் வேண்டும்.

மிச்சம் இருந்தது உன் படம் ஒன்றுதான். உன்மேலும் எனக்குக் கோபம் உண்டு, பாய். எத்தனை வருடம் சேர்ந்து டீ குடித்திருக்கிறோம். ஒரு நாள் அந்தப் படத்தை எடுத்து என் முன்னால் போட்டிருக்கக் கூடாதா? ‘நான் பாத்தத எடுப்பேன். போடறது உம்பாடு’ என்பாய். அப்படியே விட்டுவிட்டுப் போயும்விட்டாய். நீ இருந்திருந்தால் அந்த அறையில் இரண்டு சாட்சி இருந்திருக்கும்.

வியாழக்கிழமை கோட்டைமேட்டில் உன் வீட்டுக்குப் போனேன். உன் பெரிய மகள் பரண்மேல் இருந்து பிஸ்கட் டின்னை இறக்கினாள். “அத்தா போனதுக்கப்புறம் இதத் தொறக்கவே இல்ல மாமா,” என்றாள். திறந்தால் புளித்த வாடை. பாதி நெகட்டிவ்கள் ஈரத்தில் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியாகிவிட்டிருந்தன. மறியலும் பாலமும் தீயும் சேர்ந்து ஒரே பாளம். பிரிக்கப் போனால் உரிந்து வந்தது. அவள் நிறுத்தச் சொல்லிவிட்டு, அடியில் தனியாக இருந்த உறைகளை ஒவ்வொன்றாக வாசித்தாள். “அடுப்படின்னு எழுதி வெச்சிருக்காங்க மாமா.”

ஜன்னலில் பிடித்துப் பார்த்தேன். ஓரத்தில் பூஞ்சை படர்ந்திருந்தது, நடுவில் இல்லை. குனிந்த தலை, மடியில் பலகை, தள்ளி முறத்தோடு அந்தம்மா. வெளிச்சம் விழுந்த இடமெல்லாம் நெகட்டிவில் கறுப்பாகத் தெரியும் அல்லவா, தரையில் இரண்டு கறுப்புச் சதுரங்கள். வெள்ளிக்கிழமை முழுதும் அலைந்து, நெகட்டிவைப் படமாக்கித் தரும் ஸ்டுடியோ ஒன்றைப் பிடித்து, இரண்டு பிரதி போட்டு, ஒன்றை உன் மகளிடம் கொடுத்தேன். சனிக்கிழமை காலை மற்றதை எடுத்துக்கொண்டு போனேன்.

சமையலறைக்குக் கூரை இல்லை.

“திங்கக்கிழம கரிநாளுங்க சார்,” என்றார் பொறுப்பாளர். “அன்னிக்கு வேலை தொடங்கக் கூடாதுன்னு மேஸ்திரி வெள்ளிக்கிழமையே ஆரம்பிச்சுட்டாருங்க. எனக்கே அப்புறம்தான் சொன்னாங்க.” உண்மையாகவே வருத்தப்பட்டார். நாள், கிழமை, ஆள், இடம் எல்லாவற்றையும் சரிபார்த்த நான் பஞ்சாங்கத்தைப் பார்க்கவில்லை.

உள்ளே போய் நின்றேன். ஓடுகளை அடுக்கி வெளியே வைத்திருந்தார்கள். கண்ணாடி ஓடு இரண்டும் இறக்கும்போதே உடைந்துவிட்டதாம். அறை முழுக்க வெயில். ஆட்டுக்கல், பரண் இருந்த சுவர், அடுப்பு மேடை எல்லாம் ஒரே வெளிச்சம். சதுரம் எங்கே விழுந்தது என்று இனி யாருக்கும் காட்ட முடியாது.

படத்தைப் பொறுப்பாளரிடம் கொடுத்தேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் பார்த்தார். “நல்ல படமுங்க. ஆனா மொகம் தெரியலைங்களே சார். குனிஞ்சிருக்காரு. இது அவருதான்னு கமிட்டில எப்படிங்க சொல்றது?”

அதுவும் சரிதான். வேலை செய்கிறவன் குனிந்துதான் இருப்பான். மரியாதையாக, முகம் தெரிய நிற்கட்டும் என்றுதானே அன்று நான் அவரை எழுப்பினேன்.

பார்வையாளர் புத்தகத்தைக் கேட்டு வாங்கினேன். ‘சூப்பர்’ என்று ஒருவர், ‘குடிதண்ணீர் வசதி தேவை’ என்று ஒருவர். அடுத்த பக்கத்தைத் திருப்பி எழுதினேன்:

‘திருத்தம். ஆசாரத்தில் மாட்டியுள்ள கட்டுரையில், ஓவியர் அங்கே நின்று வரைவார் என்று எழுதியது தவறு. அவர் சமையலறையில் தரையில் உட்கார்ந்து வரைந்தார். அவர் படங்களில் உள்ள இரண்டு சதுரங்கள் அந்தக் கூரையின் இரண்டு கண்ணாடி ஓடுகள் வழியாக வந்த வெளிச்சம். அவர் துணைவியார் அன்றே இதைச் சொன்னார். கேட்காதது நான்.’

கையெழுத்துப் போட்டேன். பசை கேட்டேன். “தாராளமா ஒட்டுங்க சார்,” என்று அந்த அம்மணியே கொண்டுவந்து கொடுத்தார். படத்தை ஒட்டி, அதன் கீழே ‘படம்’ என்று எழுதி, உன் முழுப்பெயரையும் எழுதினேன். உன் அத்தா பெயரின் முதல் எழுத்தோடு. இடம் தாராளமாக இருந்தது.

நெகட்டிவை உன் மகள் என்னையே வைத்துக்கொள்ளச் சொன்னாள். டிக்கெட்டோடு சேர்த்து வைத்திருக்கிறேன். இன்று காலையும் போய்வந்தேன். தேநீர்க்கூடத்துக்குக் கம்பி கட்டுகிறார்கள். ஆசாரத்தில் தாங்கிக்கு முன்னால் நின்று படம் எடுத்துக்கொள்கிறார்கள். பார்வையாளர் புத்தகம் மூன்று பக்கம் தள்ளிப் போயிருந்தது. நம் பக்கத்துக்குத் திருப்பி, மூடாமல் இருக்கப் பேனாவைக் குறுக்கே வைத்துவிட்டு வந்தேன். புதன்கிழமை மறுபடியும் போவேன்.