எட்டுப் படையலில் வைத்த உருளைக்கிழங்கு

ஆவணி, செவ்வாய் இரவு.

இன்று என் கணவருடைய எட்டு, அவர் செத்து எட்டாம் நாள் படையல். அவர் விரும்பிச் சாப்பிட்டதைப் படைக்க வேண்டும் என்று அவருடைய தமக்கை, என் மச்சாள், இறைச்சியும் மீனும் சமைத்தா. உருளைக்கிழங்குக் கறியை மட்டும் நான் சமைக்கிறேன் என்று கேட்டு வாங்கினேன்.

பதுளையில் இருந்தபோது பக்கத்து வீட்டுச் சிங்கள அக்கா பழக்கிய கறி அது. அவித்த கிழங்கை இடித்த செத்தல் மிளகாய், மாசிக் கருவாடு, வெங்காயத்தோடு எண்ணெயில் பிரட்டுவா. நான் அதில் எங்கடை வறுத்த மிளகாய்த் தூளும் சேர்ப்பேன். அது இருந்தால் அவருக்கு வேறு கறி வேண்டாம்.

கலவரத்தில் பதுளையில் தமிழரை அடித்துக் கலைக்க, மச்சாள் வீட்டுக்கு ஓடிவந்த கிழமை அதைச் சமைத்தேன். பதுளைக் கறி என்று வாய் விட்டுச் சொன்னேன். "சிங்களச் சாப்பாடு இந்த வீட்டிலை வேண்டாம்" என்று, வாயில் வைத்தும் பார்க்காமல், மச்சாள் சட்டியோடு நாய்க்குக் கொட்டினா. அவர் வெறும் சோற்றைச் சாப்பிட்டு எழும்பினார். பிறகு சாகும்வரை அதைக் கேட்கவில்லை.

இன்று அது பதுளைக் கறி என்று நான் சொல்லவில்லை. மச்சாள் இரண்டாந்தரமும் போட்டுச் சாப்பிட்டா. "எங்கடை அம்மாவின்ரை கைப்பக்குவம் அப்பிடியே இருக்கு. அதுதான் தம்பிக்கு உயிர்" என்று பந்தி முழுக்கக் கேட்கச் சொன்னா.

அகப்பையோடு கிட்டப் போனேன்.

"இன்னும் கொஞ்சம் போடட்டோ மச்சாள்? அண்டைக்கு உங்கடை நாய் திண்ட கறிதான்."

அவவின் கை இலையிலேயே நின்றுவிட்டது.

செத்தவீட்டில் இப்படியும் ஒருத்தி கதைப்பாளோ என்று நாளைக்கு ஊர் கேட்கும். கேட்கட்டும். எனக்கு இன்னும் ஆறவில்லை. அவர் இருந்து பார்த்திருக்க வேண்டும்.

சட்டியில் மிச்சம் கிடக்கிறது. காலையில் சூடாக்கி, புட்டோடு மச்சாளுக்குத்தான் முதலில் வைப்பேன்.