படிவத்தில் ஏழாவது கட்டம்

ஜூன் 2, திங்கள்

நூலகத்திலிருந்து இந்த மாதக் கட்டு வந்தது. ஐந்து புத்தகங்கள், ஐந்து மதிப்புரைப் படிவங்கள். சிறுவர் பிரிவுக்கு எதை வாங்கலாம், எதை வேண்டாம் என்று மூன்று பேர் தனித்தனியாகப் படித்துச் சொல்கிறோம்: ஓய்வுபெற்ற தலைமையாசிரியை ஒருவர், குழந்தைகள் டாக்டர் ஒருவர், நான். இரண்டு பேர் சரியென்றால் புத்தகம் அலமாரிக்குப் போகும். ஒன்பது வருடமாக இதே ஏற்பாடு. கல்லூரியில் தாவரவியல் சொல்லிக்கொடுத்தவனை எதற்காக இதில் சேர்த்தார்கள் என்று இன்றுவரை விளங்கவில்லை. கேட்கவும் துணிந்ததில்லை. கேட்டால் அவர்களுக்கும் அந்தச் சந்தேகம் வந்துவிடும்.

வழக்கம்போலப் பட்டியல் போட்டேன். காக்கைகள் பற்றி ஒன்று, கணக்குப் புதிர்கள் ஒன்று, கடல் பயணம் ஒன்று. நான்காவது, பன்னிரண்டு வயதுக்கு மேற்பட்டவர்களுக்கான நாவல். அட்டையில் முன்னெழுத்து எதுவும் இல்லாமல் ஒரு பெயர் மட்டும். பின்னட்டையில் படம்.

பிள்ளைக்கு முடி தோளுக்குக் கீழே வந்துவிட்டது. கண்ணாடி போட்டிருக்கிறது. என் கண்தான் வந்திருக்கும்.

கட்டின் அடியில் வைத்துவிட்டேன்.

ஜூன் 3, செவ்வாய்

காக்கைப் புத்தகம், நாற்பது பக்கம். நான்காவதைத் தொடவில்லை.

ஜூன் 5, வியாழன்

ஒரு நாளைக்கு நாற்பது பக்கம் என்ற என் விதியை முதல்முறையாக மீறினேன். காலை ஒன்பதுக்கு எடுத்த நாவலை மூன்றரைக்குத்தான் கீழே வைத்தேன்.

பதினைந்து வயதுத் திருநங்கை ஒருத்தியின் கதை. அவளுடைய தங்கை சொல்வதுபோல எழுதியிருக்கிறது. (எங்களுக்கு ஒரே பிள்ளை. தங்கை கற்பனை.) அப்பா ரயில் நிலையத்தில் நேர அட்டவணை எழுதுபவர். மூத்தவள் தன்னைப் பற்றிச் சொல்லும்போது அவர் கோபப்படுவதில்லை. “பரீட்சை முடியட்டும், பேசுவோம்” என்கிறார். அரைப் பரீட்சை முடிகிறது, முழுப் பரீட்சை முடிகிறது. அவர் பேசுவதில்லை. அக்காவும் தங்கையும் மொட்டை மாடியில் உட்கார்ந்து சிரிக்கிறார்கள்:

“அப்பாவுக்கு எப்பதான்டி பரீட்சை முடியும்?”

“அவரு நெறைய அரியர் வெச்சிருக்காருடி.”

நானும் சிரித்தேன். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. அது என் வாக்கியம். பதினேழு வருடத்துக்கு முன்னால், சாப்பாட்டு மேசையில், தண்ணீர் ஜாடியைப் பார்த்துக்கொண்டு நான் சொன்னது. அதற்குப் பிறகு, படிப்பு முடியட்டும் என்றேன். அப்புறம், வேலை கிடைக்கட்டும். வேலை கிடைத்தது, பிள்ளை போய்விட்டது. பதினொரு வருடம். ரயிலில் நான்கு மணி நேரத் தூரம்தான். கேட்கிறவர்களிடம் ‘பையன் வெளிநாட்டில் இருக்கிறான்’ என்று சொல்லிவருகிறேன்.

அடித்ததில்லை, திட்டியதில்லை, வெளியே போ என்றதில்லை. இதை எத்தனை தடவை எனக்கே சொல்லிக்கொண்டிருப்பேன்?

நாவலிலும் அந்த அப்பா கடைசிவரை ஒன்றும் செய்வதில்லை. மகள் ஊரைவிட்டுக் கிளம்பும் ரயில் சரியான நேரத்தில் புறப்பட்டதாகப் பதிவேட்டில் எழுதுகிறார். அவ்வளவுதான்.

ஜூன் 6, வெள்ளி

பழைய குறிப்பேடுகளை எடுத்துப் பார்த்தேன். ஒன்பது வருடத்தில் திருநர் பாத்திரம் வரும் புத்தகங்கள் ஏழுதான் எங்கள் கைக்கு வந்திருக்கின்றன. இரண்டில் அந்தப் பிள்ளை கடைசி அத்தியாயத்துக்கு முன்பே செத்துப்போகிறது, மற்றவர்கள் திருந்துவதற்காக. ஒன்றில் பெரிய பரிசு வாங்குகிறாள், அப்பா மேடைக்கு ஓடிவந்து கட்டிக்கொள்கிறார். அதற்கு நேராக ஓரத்தில் ‘பரிசு வாங்காவிட்டால்?’ என்று எழுதி, பிறகு அழித்திருக்கிறேன். தடம் தெரிகிறது. இன்னொன்றில் ஒரு திருநம்பி வகுப்புத் தோழர்களுக்குப் புத்திமதி சொல்ல மட்டும் மூன்று பக்கம் வந்துபோகிறான். அவனுக்கு வீடு இல்லை, அம்மா இல்லை, ஒரு ஜலதோஷம்கூட இல்லை.

அப்பாக்கள் பெல்ட்டைக் கழற்றுகிறார்கள். இல்லையென்றால் மழையில் நனைந்துகொண்டு மன்னிப்புக் கேட்கிறார்கள். பெல்ட்டைக் கழற்றியவரே மழையிலும் நிற்பதுண்டு. அம்மாக்களுக்கு அழுகிற வேலை மட்டும்.

ஐந்துக்கு ‘சேர்க்கலாம்’ என்று போட்டிருக்கிறேன். ஏன் போட்டேன்? இன்றுதான் யோசித்தேன். படித்து முடித்ததும் ‘நல்லவேளை, நான் இப்படி இல்லை’ என்று மூடிவைக்க முடிந்தது. அதனால்தான்.

களைப்பாக இருக்கிறது. மீதிப் புத்தகங்கள் அப்படியே கிடக்கின்றன.

ஜூன் 8, ஞாயிறு

ஞாயிறு பத்தரைக்கு மனைவி பிள்ளையோடு போனில் பேசுவாள். நான் அடுத்த அறையில் செய்தித்தாளை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பேன், பக்கத்தைத் திருப்பாமல். திருப்பினால் சத்தத்தில் ஒரு வார்த்தை போய்விடும்.

இன்று அவள் போனை வைத்ததும் நாவலைக் கொண்டுபோய் முன்னால் வைத்தேன். ஆச்சரியப்படுவாள் என்று நினைத்தேன். துணி மடிப்பதை அவள் நிறுத்தவே இல்லை.

“உங்களுக்கும் வந்துடுச்சா?”

“உனக்குத் தெரியுமா?”

“ரெண்டு மாசமாச்சு. ரெண்டு காப்பி அனுப்பினா. ஒண்ணு எனக்கு, ஒண்ணு உங்களுக்கு. பீரோல பொடவைக்கு அடியில இருக்கு.”

“ஏன் எங்கிட்ட சொல்லல?”

“நீங்க கேக்கலையே.”

ஒரு துண்டை மடித்து முடித்துவிட்டு அவளே சொன்னாள்: “கதையில வர்ற அந்த அம்மாவ ஏன் அவ்வளவு நல்லவளா எழுதினேன்னு கேட்டேன். நான் ஒண்ணும் அவ்வளவு நல்லவ இல்ல. மொதல் ஒரு வருஷம் நானும் சாமிய வேண்டிக்கிட்டுத்தானே இருந்தேன், மாறிடணும்னு. ‘கதைக்கு யாராவது ஒருத்தர் பேசணும்ல, அதான்மா’ அப்படின்னா.”

ஜூன் 11, புதன்

படிவத்தில் ஏழாவது கட்டம்: ‘நூலாசிரியருடன் உறவு உண்டா? உண்டெனில், என்ன உறவு?’ உறவு இருந்தால் அந்த வாசகரின் முடிவு கணக்கில் வராது. ஒன்பது வருடமாக ‘இல்லை’ என்று எழுதி எழுதி, அந்தக் கட்டத்தைப் படிப்பதையே விட்டிருந்தேன்.

நூலகர் போன் செய்தார். நல்ல மனிதர், ரகசியம் காக்கத் தெரியாது. “அந்த நாவல் விஷயத்துல ஒரே இழுபறி சார். டாக்டர் சேக்கலாம்ங்கிறார், மேடம் வேண்டாம்ங்கிறாங்க. உங்க கைலதான் இருக்கு.”

என் கையிலா!

‘இல்லை’ என்று எழுதினால் புத்தகம் அலமாரிக்குப் போகும். எங்கோ ஒரு வீட்டில் அப்படி ஒரு பிள்ளை அதை எடுத்துப் படிக்கும். அந்தப் பிள்ளையின் அப்பா படித்தால் இன்னும் நல்லது. ஆனால் அதற்காகப் பெற்ற பிள்ளையை இல்லையென்று என் கையெழுத்தில், மையில் எழுத வேண்டும். ‘உண்டு’ என்று எழுதினால் ஒன்றுக்கு ஒன்று, சமம். சமமானால் வாங்குவதில்லை என்பது விதி. பிள்ளையின் புத்தகத்தை நானே கெடுத்தவன் ஆவேன். அதோடு, எல்லோர் முன்னாலும் –

எதைச் செய்தாலும் தப்பு. இப்படிப்பட்ட இடங்களில் நான் ஒன்றும் செய்யாமல் இருந்துவிடுவேன். இதற்கு மட்டும் தேதி போட்டிருக்கிறார்கள். திங்கட்கிழமை கூட்டம்.

ஜூன் 13, வெள்ளி

‘இல்லை’ என்று எழுதிவிட்டேன். ‘சேர்க்கலாம்’ என்றும். உறையில் போட்டு ஒட்டியாகிவிட்டது.

ஜூன் 16, திங்கள்

வரிசையாக எழுதப் பார்க்கிறேன்.

கூட்டம் பதினொன்றுக்கு, நூலகத்தின் மாடி அறையில். என் உறை நூலகரின் மேசையில் பிரிக்காமல் இருந்தது. நாவலின் முறை வந்ததும் டாக்டர், “பென்சில் சார் சொல்லட்டும்” என்றார். குறிப்பெல்லாம் பென்சிலில் எழுதுவதால் அவர் எனக்கு வைத்த பெயர். “முதலில் மேடம்” என்று நழுவினேன்.

தலைமையாசிரியை கெட்டவர் அல்ல. மூன்று தடவை படித்திருக்கிறார், நான் பார்த்தவரையில் என்னைவிடக் கவனமாக. அவர் சொன்னது: “பொண்ணு நல்லா வந்திருக்கா. தங்கச்சி வாய் இருக்கே, அப்பப்பா! ஆனா அந்த அப்பா பொய். இந்த மாதிரிப் பிள்ளைங்கள எங்க பள்ளிக்கூடத்துலயே பாத்திருக்கேன். ஒண்ணு அடிச்சுத் துரத்துவாங்க, இல்ல மனசு மாறி ஏத்துக்குவாங்க. இவரு என்ன, புள்ளையார் மாதிரி உக்காந்தே இருக்காரு? படிக்கிற பிள்ளைங்க இவர்கிட்டயிருந்து என்னத்தக் கத்துக்கும்? இப்படி ஒரு அப்பா இருக்கவே மாட்டான்.”

“இருப்பான்” என்றேன்.

என் குரல்தான். டாக்டர் திரும்பிப் பார்த்தார்.

“எப்படிச் சொல்றீங்க?” என்றார் தலைமையாசிரியை.

“அந்த அப்பா நாந்தான் மேடம். எழுதினது எம் பொண்ணு.”

கீழே யாரோ நாற்காலியை இழுக்கும் சத்தம் கேட்டது. என் மகள் என்று ஓர் ஆளிடம் சொன்னது இதுவே முதல் தடவை.

தலைமையாசிரியைக்குப் புரிய நேரம் ஆயிற்று. புரிந்ததும் அவர் முகத்தில் கோபம் வரவில்லை, அடிபட்டதுபோல ஆனது. “உங்க பையன் வெளிநாட்டுலன்னீங்களே. அங்க குளிரான்னுகூட கேட்டேனே சார் நான். ஆமா, ரொம்பக் குளிருன்னு சொன்னீங்க.”

சொல்லியிருக்கிறேன். ஒரு கம்பளிச் சட்டைகூட அனுப்பினதாகச் சொல்லியிருக்கிறேன்.

நூலகர் உறையைப் பிரித்தார். ஏழாவது கட்டத்தைப் பார்த்துவிட்டு, படிவத்தை என் பக்கம் மெதுவாகத் தள்ளினார். அடித்துவிட்டு ‘உண்டு. மகள்.’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். என் முடிவு ரத்து. ஒன்றுக்கு ஒன்று. புத்தகம் வேண்டாம் என்று பதிவாயிற்று.

படியிறங்கும்போது டாக்டர் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டு வந்தார், நான் கேட்காமலே.

ஜூன் 17, செவ்வாய்

மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கடைசிவரை கேட்டாள். தலையில் அடித்துக்கொண்டு எழுந்து போய், கதவைச் சாத்திக்கொண்டு போன் போட்டாள். ஞாயிறு அல்லாத நாளில் போடுவது அபூர்வம். திரும்பி வந்தபோது கண் சிவந்திருந்தது. ஆனால் சிரிக்கிறாளோ என்றும் இருந்தது.

“என்ன சொன்னா?”

“அப்படியே சொல்லவா?”

“சொல்லு.”

“பதினோரு வருஷமா வாயத் தொறக்காத மனுஷன், வாய மூடிக்கிட்டு இருக்க வேண்டிய ஒரே நாளுல தொறந்திருக்காரேன்னா. அத்தன பிள்ளைங்க வந்து போற நூலகம், ஒரே ஒரு ஓட்டு, அதையும் கெடுத்துட்டாரேன்னு கத்தினா.”

“கோவமா இருக்காளா?”

“பயங்கரக் கோவம். நீங்க கூட்டத்துல சொன்னத மட்டும் மறுபடி மறுபடி கேட்டா. என்ன வார்த்தை சொன்னாரு, சரியா என்ன வார்த்தைன்னு. மூணு தடவ சொன்னேன்.”

ஜூன் 18, புதன்

முழங்கால் வலி. ஒன்றும் படிக்கவில்லை.

ஜூன் 24, செவ்வாய்

நூலகத்திலிருந்து கடிதம். பொய்த் தகவல் எழுதிய படிவம் என்பதால் வாசகர் குழுவிலிருந்து விடுவிக்கிறார்கள். நியாயம்தான். ஒன்பது வருடச் சேவைக்கு நன்றி என்று கடைசியில் ஒரு வரி. மதியம் தலைமையாசிரியை போனில் அழைத்தார். புத்தகம் பற்றிய தன் முடிவை மாற்ற முடியாது, கூட்டம் முடிந்துவிட்டது என்றார். அது எனக்கும் தெரியும். பிறகு, “இருபத்தெட்டு வருஷம் பெத்தவங்கள கூப்பிட்டு வெச்சுப் பேசியிருக்கேன் சார். கத்துறவங்களத்தான் கூப்பிட்டேன். கத்தாதவங்களப் பாத்து, வீட்ல பிரச்சினை இல்லன்னு நெனச்சுட்டேன்” என்றார்.

“பரவாயில்லை மேடம்” என்றேன். பரவாயில்லை என்று சொல்ல நான் யார்?

ஜூலை 6, ஞாயிறு

பத்தரைக்கு என் போன் அடித்தது. என்னுடையது. தெரியாத எண் என்று எடுக்காமல் விட்டேன். மனைவி சமையலறையிலிருந்து, “அவதான், எடுங்க!” என்று கத்தினாள். அதற்குள் நின்றுவிட்டது. திருப்பிக் கூப்பிடுவதா வேண்டாமா என்று பத்து நிமிடம் உட்கார்ந்திருந்தேன். கூப்பிட்டேன். வேறு ஏதோ அழைப்பில் இருந்தாள்.

ஜூலை 20, ஞாயிறு

இன்று பேசினோம். நாற்பத்தைந்து நிமிடம். அதில் பாதி சண்டை. ரயில் நிலையப் பகுதியில் இரண்டு தகவல் பிழை இருக்கிறது என்று ஆரம்பித்தேன், வேறு எப்படி ஆரம்பிப்பதென்று தெரியவில்லை. “அதுக்காகவா பதினோரு வருஷம் கழிச்சுப் பேசுறீங்க?” என்றாள். குரல் மாறியிருக்கிறது. ஆனால் வாக்கியத்தை முடிக்கும் விதம் அதேதான்.

அடுத்த நாவல் எழுதுகிறாளாம், அதிலும் ஓர் அப்பா வருகிறாராம். பிறகு கேட்டாள்:

“அன்னிக்கு மேசையில நான் சொன்னப்போ, தண்ணி ஜாடியப் பாத்துக்கிட்டு இருந்தீங்களே. என்ன நெனச்சீங்கப்பா? எத்தன தடவ எழுதிப் பாத்தாலும் அந்த எடத்துல எனக்குள்ள ஒண்ணுமே வரல.”

யோசித்துத்தான் சொன்னேன். “உம்மேல கோவம் இல்ல. பயம். நாளைக்கு யாராவது ஏன்னு கேட்டா எனக்கு பதில் தெரியாதேன்னு பயம். வகுப்புல தெரியாத கேள்வி வந்தா, அடுத்த பாடத்துல பாப்போம்னு சொல்லுவேன். அதையே உங்கிட்டயும் சொல்லிட்டேன். உனக்கு எப்படி இருக்கும்னு நெனச்சே பாக்கல. அதுதான் நெஜம்.”

தொடர்பு போய்விட்டதோ என்று போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தேன். நிமிடங்கள் ஓடிக்கொண்டிருந்தன.

“இத எழுதிக்கலாமா?” என்றாள்.

எழுதிக்கோம்மா, என்றேன்.