என் குரலை நம்பாதீர்கள்

அசகுசா, தோக்கியோ
பிப்ரவரி 1932

அன்புள்ள சகுஜி அண்ணாவுக்கு,

வணக்கம். கோபே துறைமுகத்தில் மூட்டை தூக்கும் உங்கள் தோளுக்கு இந்தக் குளிர் ஆகாது. அண்ணியிடம் சொல்லி இஞ்சி ஒத்தடம் வைத்துக்கொள்ளுங்கள்.

இங்கே கொட்டகைக்குப் பேசும் படம் வந்துவிட்டது. ஊமைப் படத்துக்குத் திரையருகே நின்று குரல் கொடுத்தவர்களை வெளியே அனுப்பிவிட்டார்கள், உங்கள் மாப்பிள்ளையையும் சேர்த்து. என் கல்யாணக் கிமோனோ அடகுக் கடைக்குப் போயிற்று. பிறகு மெத்தை. அரிசிப் பெட்டியில் சுரண்டவும் ஒன்றுமில்லை.

அவருக்குப் பெண்குரல் எவ்வளவு நன்றாக வரும்! கல்யாணத்தன்று என்னைப் போலவே பேசிக் காட்டி உங்களைச் சிரிக்க வைத்தாரே. இப்போது வீட்டில் அதைத்தான் செய்கிறார். "சோறு போடத் துப்பில்ல, நீயெல்லாம் ஆம்பளையா?" என்று என் குரலில் கேட்பார். பிறகு தன் குரலில், "என்னடி சொன்ன?" என்று கணப்புச் சட்டியிலிருந்து இரும்புக் கோலை எடுப்பார். நான் வாய் திறப்பதே இல்லை.

சன்னலெல்லாம் வெறும் காகிதம், தெருவுக்கே கேட்கிறது. பக்கத்து வீட்டு மட்சு அக்கா குழாயடியில், "படிச்ச திமிருடி உனக்கு! வேல போயி நிக்கிறவன்கிட்ட வாய்க்கு வாய் பேசுனா வாங்கித்தான் கட்டிக்கணும்" என்றார். உங்கள் கூலியில் படித்த பள்ளியிலேயே எழுந்து பதில் சொல்லக் கூசியவள் நான்.

புத்தாண்டுக்கு நீங்கள் வாசலில் நின்றபோது, "காய்ச்சல்ண்ணா, ஒட்டிக்கும். நான் நல்லாத்தான் இருக்கேன், கெளம்புங்க" என்று உள்ளிருந்து சொன்னது நானில்லை. என் வாயில் துணி திணித்திருந்தார். முதுகில் அவர் முழங்கால். உங்கள் செருப்புச் சத்தம் தெருமுனையைத் தாண்டியதும், "பிச்ச போட வந்தானா ஒங்கண்ணன்?" என்று மிதித்தார். முன்பற்கள் போயின.

நேற்று கோலை நெருப்பிலேயே வைத்திருந்தார். என் இடது கை இனி மூடாது. உதறிக்கொண்டு குழாயடிக்கு ஓடினேன். அவர் நிறுத்தவில்லை. நானில்லாத வீட்டுக்குள் என் குரல் அவரைத் திட்டிக்கொண்டே இருந்தது. மட்சு அக்கா வீட்டைப் பார்த்தார், மூடியிருந்த என் வாயைப் பார்த்தார். வாளி கை நழுவி விழுந்தது. இந்தத் தாளும் தபால்தலையும் அக்கா தந்தவை.

அண்ணா, வாருங்கள். இந்த முறை வாசலில் நின்று கேட்காதீர்கள். "போங்க" என்று நான் அழுதாலும், உங்கள் பெயர் சொல்லிக் கெஞ்சினாலும் நம்ப வேண்டாம். உள்ளே வந்து என் வாயைப் பாருங்கள்.

உங்கள் தோளைத் தெய்வங்கள் காக்கட்டும். கதவை முட்டித் திறக்க அது வேண்டும்.

உங்கள் தங்கை,
நுயி