கூரைமேல் வந்து நிற்கும் வெளிச்சம்

786

புதுமடம்,
ரஜப் மாதம், 1949

மதிப்புக்குரிய மச்சான் ஹமீது சுல்தான் அவர்களுக்கு உம்மு ஹபீபா எழுதிக்கொள்வது. அஸ்ஸலாமு அலைக்கும்.

நானும் உங்கள் மகள் சாலிஹாவும் இங்கே சுகம். உங்கள் சுகத்தைக் கேட்க வேண்டிய தேவை இல்லை. கொழும்பிலிருந்து வந்திருக்கும் உங்கள் சாச்சா மகன் சதக் எல்லாம் சொல்லிவிட்டார். எப்போதும் நான் சொல்லச் சொல்ல சாலிஹாதான் எழுதுவாள். இது அவள் கண்ணில் படக்கூடாத கடிதம் என்பதால் நானே எழுதுகிறேன். எழுத்து கோணல்மாணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இந்த வருஷம் மழை ஏமாற்றிவிட்டது. கிணற்றுத் தண்ணீர் கரிக்கிறது. பக்கத்து வீட்டு ராக்குவின் ஆடு நம் முருங்கையை மொட்டை அடித்துவிட்டது. கேட்டால், ஆட்டுக்கு என்னத்தா தெரியும், ஆம்பளை இல்லாத வீடுன்னு அதுக்கும் தெரிஞ்சு போச்சோ என்னமோ என்று சிரிக்கிறாள். அவள் வாய்க்கு ஒரு பூட்டு போட வேண்டும்.

வரவு வெளிச்சம் இன்னும் வந்துகொண்டுதான் இருக்கிறது. அக்கரையிலேயே இருந்து மறந்திருப்பீர்கள், அதனால் சொல்கிறேன். பொழுது சாய்ந்து மஃரிபு தொழுது முடிக்கும் நேரத்தில் தென்கடலுக்கு மேலே எழும்பும். ஒரு தாம்பாளம் அளவு இருக்கும், எலுமிச்சங்காய் நிறம். அக்கரையில் இருக்கிற மனுஷன் ஊருக்குப் புறப்படுவதென்று எப்போது மனதில் முடிவு செய்கிறானோ, அப்போது அவன் வீட்டுக் கூரைமேல் வந்து நிற்கும். அவன் வந்து சேரும் வரை நகராது. வெளிச்சம் நிற்கிற வீட்டில் கதவைத் தாழிட மாட்டோம். வாசலில் ஒரு செம்பு தண்ணீர் வைப்போம். வருகிறவர் பசியோடு வருவார் என்று அக்கம்பக்கத்தார் அவரவர் ஆக்கியதில் கொஞ்சம் கொண்டுவந்து கொடுப்பார்கள். நம் நிக்காஹுக்கு முன்னால் நீங்கள் வந்தபோதும் அப்படித்தான் நின்றதாம். மாமி உயிரோடு இருந்த வரை வாய் ஓயாமல் சொல்வார்கள்.

ஹஜ்ஜுப் பெருநாள் கழிந்து அது நம் வீட்டின்மேல் நின்றது. தெருவே திரண்டு வந்தது. மீன் ஆணம், ஒட்டிறச்சி, முட்டை என்று அடுக்களையில் வைக்க இடமில்லை. நம் ஊரில் கடிதத்துக்காக யாரும் காத்திருப்பதில்லையே. வெளிச்சம் நின்றுவிட்டது, வாப்பா வந்துவிடுவார், அவரே பெண்ணுக்குப் பொறுப்பான வலியாக உட்கார்ந்து சாலிஹாவின் நிக்காஹைச் செய்து கொடுக்கட்டும் என்று ஹஜ்ரத் அவர்களே நாளைக் குறித்துவிட்டார். மாப்பிள்ளை பெரியபட்டணத்துச் சுஐபு, உங்களுக்குப் பிடித்த பிள்ளை. மறுநாள் சுபுஹுக்கு எழுந்து பார்க்கிறேன், கூரைமேல் ஒன்றும் இல்லை. மேகம் மறைத்திருக்கும் என்று நானே எனக்குச் சொல்லிக்கொண்டேன்.

நிக்காஹ் நாளில் பந்தல் போட்டிருந்தது. சுஐபு வீட்டார் வந்து அஸர் வரை காத்திருந்தார்கள். வாப்பா உயிரோடு இருக்கும்போது அவர் சம்மதம் இல்லாமல் செய்ய முடியாது என்று ஹஜ்ரத் சொல்லிவிட்டார். மாப்பிள்ளை வீட்டார் தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டுவிட்டுப் போனார்கள். நோன்புப் பெருநாள் வரைதான் பொறுப்பார்களாம். சாலிஹா அழவில்லை. மருதாணிக் கையோடு ஏனம் கழுவிக்கொண்டிருந்தாள்.

அதற்குப் பிறகும் வெளிச்சம் வருகிறது, நிற்கிறது, விடிவதற்குள் கடலுக்குத் திரும்பிப் போய்விடுகிறது. இப்படி எந்த வீட்டிலும் நடந்ததில்லை. முதலில் சோறு கொண்டுவந்தவர்கள் இப்போது வருவதில்லை. நம் கூரையைப் பார்த்துவிட்டு முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு போகிறார்கள். ராக்கு மட்டும் கருவாட்டுக் குழம்போடு வருவாள். வாரவுக எப்பவாச்சும் வரட்டும், நீ தின்னு என்பாள். ஊரே இருட்டிக் கிடக்க, என் வீட்டுக்கு மட்டும் வெளிச்சம். அந்த வெளிச்சத்தில் நான் தனியாக உட்கார்ந்திருக்கிறேன், மச்சான். மனுஷ வாசம் இல்லாத வீட்டில் கதவைத் திறந்து போட்டுவிட்டு உட்கார்ந்திருப்பது எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல எனக்குத் தெரியவில்லை.

சதக் வந்த பிறகுதான் விளங்கியது. கடையைச் சாத்திவிட்டு, மூட்டையைக் கட்டிக்கொண்டு கொழும்புக் கோட்டை ஸ்டேஷன் வரைக்கும் வருகிறீர்களாம். பிறகு திரும்பிப் போய்விடுகிறீர்களாம். ஏன் என்று கேட்டேன். சதக் தொழுகைக்கு நேரமாச்சு என்று எழுந்து போய்விட்டார். மிச்சத்தை அவர் பெண்சாதியிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன். அங்கே உங்களுக்குப் பிறந்த பிள்ளை உங்கள் கைலியைப் பிடித்துக்கொண்டு விடுவதில்லையாமே.

பிள்ளைக்கு மலிகா என்று மாமியின் பெயரை வைத்திருக்கிறீர்களாம். சாலிஹா பிறந்தபோது அந்தப் பெயரை நான் கேட்டேன். உம்மா பேரைச் சொல்லிப் பிள்ளையை எப்படிடீ அதட்டுறது என்று நீங்கள்தான் வேண்டாம் என்றீர்கள். இப்போது அதட்டுவதே இல்லை போலிருக்கிறது. எனக்குக் கோபம் இருக்கிறது, இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன். பிள்ளையின்மேல் இல்லை.

சம்மதம் என்று ஒரு வரி எழுதி அனுப்பினால் போதும், தாய்மாமனை வைத்து முடித்துவிடலாம் என்று ஹஜ்ரத் சொல்கிறார். அதை நான் கேட்கப் போவதில்லை. அந்தக் காகிதம் வந்துவிட்டால், ஸ்டேஷன் வரைக்கும்கூட வர மாட்டீர்கள். என் மகளுக்கு வாப்பா வேண்டும், காகிதம் வேண்டாம்.

இனிமேல் அக்கரை போகப் பாஸ்போர்ட்டு, விசா என்று என்னென்னமோ கேட்பார்களாம். அதற்குள் நாங்களே வருகிறோம். உச்சிப்புளியில் ரயில் ஏறி, தனுஷ்கோடியில் கப்பல். சதக்கும் அவர் பெண்சாதியும் கூட்டிவருகிறார்கள். சுஐபும் வருகிறான். நிக்காஹ் உங்கள் கடை மாடியிலேயே நடக்கட்டும். நேற்று மஃரிபு தொழுத பாயில் உட்கார்ந்தபடி இந்த முடிவை எடுத்தேன்.

எழுந்து வெளியே வந்தேன். நம் கூரைமேல் ஒன்றும் இல்லை. கடற்கரைக்குப் போயிருந்த ராக்கு ஓடிவந்து, வெளக்கு இன்னைக்கு இங்கன வரலைத்தா, கடலத் தாண்டி அங்கிட்டுப் போகுது என்றாள்.

அது உங்கள் வீட்டின்மேல் வந்து நின்றதா, மச்சான்? மலிகா பார்த்திருப்பாள். அது என்ன வாப்பா, யார் வாரா என்று கேட்டிருப்பாள். நீங்கள் என்ன சொன்னீர்கள்?

அந்தப் பிள்ளைக்கு என் முத்தம். அதைப் பெற்றவளுக்கு என் சலாம். அல்லாஹ் உங்கள் எல்லோரையும் நோய்நொடி இல்லாமல் வைத்திருக்கட்டும். நாங்கள் வரும் வரை வாசலில் ஒரு செம்பு தண்ணீர் வையுங்கள். கதவைத் தாழிட வேண்டாம்.

வஸ்ஸலாம்.

உங்கள் பெண்சாதி,
உம்மு ஹபீபா