புகைக்கூண்டின் முதுகில் ஒரு கதவு

அன்பான துரோகி, மச்சான் சவரிமுத்துவுக்கு,

காற்று புகுந்துவிடும் என்று நான் சொன்னது கிறுக்குத்தனமா? சாம்பல் வாரக் கதவு வேண்டும் என்று நீ கேட்டபோது, புகைக்கூண்டின் அடியில் ஓட்டை போட்டால் ரொட்டி அடுப்பில் தீ சோம்பிப் படுத்துவிடும் என்று உன் முகத்துக்கு நேரேதானே சொன்னேன்? நீயும் நேரே சண்டை போட்டிருக்கலாமே. "செரி மச்சான், உன் இஷ்டம்" என்று தலையாட்டிவிட்டுப் பின்பக்கம் என்ன வேலை பார்த்து வைத்திருக்கிறாய்?

இன்று கல்லறைத் திருநாள். உனக்குச் சுண்ணாம்பு அடித்தாகிவிட்டது. உன் பெண்டாட்டி, என் தங்கச்சி லூர்து, மெழுகுவத்தி ஏற்றுகிறாள். எல்லாரும் ஜெபம் படிக்கிறார்கள். நான் இதை எழுத எழுதச் சத்தமாகப் படிக்கிறேன். கேள்.

திண்டிவனத்தில் உன் பேக்கரிக்கு அடுப்பும் கூண்டும் கட்டியவன் நான். வருஷா வருஷம் கேக் வேலை தொடங்குமுன் கூரையேறி, கயிற்றில் சாக்குப்பந்து கட்டி இறக்கிக் கரி தட்டியவனும் நான். "மெதுவா மச்சான், உன்னப் பொதைக்க எங்கிட்ட எடமில்ல" என்று கீழே நின்று கத்துவாய். "நீ மொதல்ல போய் எடம் புடிச்சு வையி" என்பேன். பிடித்துவிட்டாயே, படுபாவி.

விழுவது ஒரு முறம் சாம்பல்தான். "பாத்தியா, நான் கட்டுன கூண்டு, அதான் சுத்தமா கீது" என்று டீக்கடை வரை பீற்றிக்கொள்வேன். நீ சூடாக ஒரு பன்னை என் வாயில் திணிப்பாய். வாயை அடைக்கத்தானா?

இந்த வருஷம் முட்டி மடங்கவில்லை. சரி, நீ ஆசைப்பட்ட சாம்பல் கதவை நானே வைத்துவிடலாம் என்று விழுப்புரத்தில் சின்ன இரும்புக்கதவு வாங்கி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தேன். கூட்டேரிப்பட்டில் ஏறிய ஒரு அம்மா, "இன்னாங்க பெரியவரே, எலி வூட்டுக்குக் கதவா?" என்றது. சிரித்துக்கொண்டேதான் வந்தேன்.

உளியோடு கூண்டின் பின்பக்கம் போய் விறகை விலக்கினால், அங்கே ஏற்கெனவே ஒரு கதவு!

கீலில் எண்ணெய். தாழ்ப்பாள் தேய்ந்து பளபளக்கிறது. சட்டத்தைச் சுற்றிய பூச்சு என் கைவேலை இல்லை. பீடியைப் பற்றவைத்து இடுக்கில் காட்டினேன். காற்று புகுந்தால் புகை உள்ளே வளையணும். நேரே மேலே போனது, மச்சான். வைத்தவன் நல்ல கொத்தனார். அதுதான் வயிறு எரியுது.

லூர்துவிடம் கேட்டேன். "அவுரு மாசா மாசம் அதுல வாரிடுவாருண்ணே. டிசம்பருக்கு மட்டும் ஒரு மொறம் உட்டு வெப்பாரு. உனுக்கு."

எனக்கா? கதவை வைத்துக்கொண்டு என்னை எதற்கு ஓட்டின்மேல் ஏற்றினாய்? மேலே ஒரு கோமாளி, கீழே நீயும் உன் கொத்தனாரும். சிரித்தீர்களா? யார் அந்தக் கொத்தனார்? அவனுக்கும் பன் கொடுத்தாயா?

இதோ, லூர்து முந்தானையை உதறிக்கொண்டு எழுந்துவிட்டாள்.

"எங்க போற? இன்னும் முடிக்கல."

"பேஜாரு பண்ணாதண்ணே. அடுப்பு காத்துக்கினு கீது, சாம்பல் வாரணும்."

"எல்லாத்தையும் வாரிடாத!"

திரும்பிக்கூடப் பார்க்காமல் போகிறாள்.

டிசம்பரில் கயிற்றோடு வருவேன் மச்சான், முட்டி வந்தாலும் வராவிட்டாலும். அந்தக் கதவைத் தொட மாட்டேன்.

உன்மேல் கோபம் ஆறாத,
லூர்துவின் அண்ணன், உன் மச்சான்
இருதயம்