நாழிச்சுழியை மூடச் சொன்னவன்

என்றும் என் அன்புக்குரிய அத்தான்,

இது உங்களுக்கு எழுதும் கடிதம். ஆனால் வரும் ஞாயிறு நீங்கள் காலமான முப்பத்தோராம் நாள் நினைவுக்கு வருகிற எல்லாரும் இதை வாசிப்பார்கள். நினைவு மலரில் முன்னுரைக்கென்று அக்கா எனக்கு ஒதுக்கித் தந்த பக்கத்தில்தான் இதைப் போடப்போகிறேன். நீங்கள் எழுதிய கதைக்கு முன்னுரை எழுதும் யோக்கியதை எனக்கில்லை.

ரூ பெர்தொனே தெரு அச்சகத்தில் என் வேலை உங்களுக்குத் தெரியும்தானே. கலியாணக் கார்ட், பிள்ளை பெரியவளானால் சாமத்தியக் கார்ட், நினைவு மலர். முகமே பார்த்திராத மனிதருக்கும் ‘பழகுதற்கு இனியவர், இல்லையென்னாத வள்ளல்’ என்று மளமளவென்று எழுதித் தள்ளிவிடுவேன். “நீ எழுதத் தொடங்கினாப் பிறகு லா ஷப்பேலிலை ஒரு கெட்டவனும் சாகேல்லை” என்று பகிடி பண்ணுவீர்கள். ஆனாலும் எழுத்தென்றால் மச்சானுக்குத்தான் தெரியும் என்று நம்பினீர்கள். அந்த நம்பிக்கையை நினைத்தால் இப்போது உடம்பு கூசுகிறது.

போன வசந்தத்தில் ஒபர்வில்லியே கிடங்கில் வேலை முடித்து நேரே வந்து அந்தக் கொப்பியைத் தந்தீர்கள். பச்சை மட்டை, இருநூறு பக்கம், முத்து முத்தான கையெழுத்து. “ஒரு கடல் கதை மச்சான். ஆருக்கும் சொல்லாதை, சிரிப்பினம்” என்றீர்கள். ஐம்பத்தெட்டு வயது மனிதர், பெட்டி தூக்கிக் காய்த்த கை, எழுதியிருப்பது மாயக் கடலைப் பற்றி. உள்ளுக்குள் நானும் சிரித்தேன் அத்தான்.

கொப்பியைத் தாள் கட்டுகளுக்குக் கீழே வைத்தேன். நாலு மாதம் அது அங்கேயே கிடந்தது. கடை வாசலில் உங்களைக் காணும்போதெல்லாம் “அடுத்த கிழமை, அத்தான்” என்றேன். ஒரு நாள் வெட்கம் பொறுக்காமல் பொய்யைச் சொல்லிவிட்டேன்.

“ஓம் அத்தான், வாசிச்சனான். அந்தமாதிரி நல்லாயிருக்கு!”

உங்கள் முகம் மலர்ந்ததை என்ன சொல்ல! கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில் இருந்தீர்கள். “அப்ப சொல்லு. ரெண்டு முடிவு எழுதியிருக்கிறன். சுழியை மூடுறதோ, திறந்தபடி விடுறதோ? எது சரி?” என்று கேட்டீர்கள். ஒரு கலியாண வீட்டுக்காரர் கார்ட்டைத் திருத்திக்கொண்டு எதிரே நின்றார். எந்தச் சுழி, என்ன மூடல், ஒன்றும் எனக்குத் தெரியாது.

“மூடுங்கோ அத்தான். கதை எண்டால் ஒரு முடிவு வேணும்” என்றேன்.

“நீ சொன்னால் சரி” என்று கொப்பியை வாங்கிக்கொண்டு போனீர்கள். கோடைக் கடைசியில் நோய் வந்தது. பிறகு கதையைப் பற்றி நீங்கள் பேசவில்லை, நானும் கேட்கவில்லை. பேச்சு வராததே நிம்மதி என்றிருந்தேன்.

நீங்கள் போன பிறகு அக்கா கொப்பியைக் கொண்டுவந்தா. “மலரிலை தேவாரங்களுக்குப் பிறகு இவரின்ரை கதையையும் போடு தம்பி. நீதான் வாசிச்சு நல்லதெண்டு சொன்னனியாம். ஆஸ்பத்திரியிலையும் அதைத்தான் சொல்லிச் சந்தோசப்பட்டவர்” என்றா. அன்றுதான் முதல் பக்கத்தைத் திறந்தேன்.

என்ன கதை அத்தான் அது! மனிதர் காத்துக்கிடந்து வீணாக்கிய நேரமெல்லாம் எங்கேயோ போய்ச் சேரத்தானே வேண்டும் என்று தொடங்குகிறீர்கள். அது நடுக்கடலில் நாழிச்சுழி என்ற பெரும் சுழலில் சேருகிறது. அங்கிருந்து கல் வாய்க்கால்களில் துறைமுக ஊருக்குள் பாய்கிறது. விளக்குகள் அதில் எரிகின்றன, மரங்கள் அதில் காய்க்கின்றன, சாகக் கிடப்பவருக்கு அதில் ஒரு கோப்பை வார்த்தால் இன்னும் பத்து நாள் இருக்கிறது. படகோட்டி கயல் தன் தம்பிக்காக அந்தச் சுழிக்குள் இறங்குகிறாள். வதிவிட அட்டைக்காகப் பிரிஃபெக்சர் வாசலில் குளிரில் வரிசையாக நின்றோமே, அந்த விடியற்காலைகளை எல்லாம் அள்ளிக்கொண்டு வந்து ஒரு கடலுக்குள் ஊற்றியிருக்கிறீர்கள். அதை வாசிக்க எனக்கு நேரம் இருக்கவில்லையாம்.

கடைசியில் கயல் சுழியைப் பாறையால் மூடிவிடுகிறாள். ஊர் இருள்கிறது. அதற்கு முன்னால், மற்ற முடிவு இருந்திருக்க வேண்டிய ஆறு தாள்கள் தைப்போடு கிழிக்கப்பட்டிருந்தன. ஓரத்தில் உங்கள் எழுத்தில் ஒரு வரி: ‘மச்சான் சொன்னபடி மூடியாச்சு.’

என்னை ஏன் ஒரு கேள்வியாவது திருப்பிக் கேட்கவில்லை அத்தான்? “கயலின்ரை தம்பிக்கு என்ன பேர்?” என்று கேட்டிருந்தால் அன்றே பிடிபட்டிருப்பேனே.

இன்னும் இருக்கிறது. அச்சுக்கு முன் பார்க்கவென்று உங்கள் மகள் மதுராவிடம் தாள்களைக் கொடுத்தேன். மறுநாள் அலுவலகத்து மதிய இடைவேளையில் கடைக்கு ஓடி வந்தாள். “ஸே பா சா, மாமா” என்றாள். இது இல்லையாம். சின்ன வயதில் நீங்கள் அவளுக்குச் சொன்ன கதையில் சுழி மூடப்படுவதே இல்லையாம். கயல் வாய்க்கால் ஓரத்தில் நின்று, “தள்ளுப்படாதேங்கோ, எல்லாருக்கும் கிடைக்கும்” என்று ஊருக்கே வார்த்துக் கொடுப்பாளாம். அதை மட்டும் தமிழில், உங்கள் குரலிலேயே சொன்னாள். பிறகு பிரெஞ்சில் தாழ்ந்த குரலில் கேட்டாள், நோய் வந்தபின் அப்பாவுக்கு நம்பிக்கை போய்விட்டதா, அதனால்தான் மூடினாரா என்று.

“தெரியாது பிள்ளை” என்றேன். இரண்டாவது பொய். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு வேலைக்குத் திரும்பிப் போனாள். நான் கதிரையில் இருந்தபடி யாருக்கோ ‘இல்லையென்னாத வள்ளல்’ என்று அடித்துக்கொண்டிருந்தேன்.

இது நடந்து மூன்று நாள். இந்தப் பக்கத்தை அச்சுக்குக் கொடுக்க முதல், இன்று பின்னேரம் வீட்டுக்குப் போய் அக்காவுக்கும் மதுராவுக்கும் வாசித்துக் காட்டுவேன். அக்கா என்னைப் படியிறங்கச் சொன்னாலும் சொல்லட்டும். மதுரா சொல்லச் சொல்ல அந்த ஆறு தாள்களையும் எழுதுவேன். பிரெஞ்சில் சொன்னால் பிரெஞ்சிலேயே எழுதுவேன். என் சொல் ஒன்றுகூட அதில் சேராது, இது சத்தியம்.

பிள்ளை, நீயும் இதை வாசிக்கிறாய். உன் அப்பா நம்பிக்கை இழந்து அந்தச் சுழியை மூடவில்லை. நான் வாசிக்காததால் மூடினார்.

உங்கள் மனைவியின் தம்பி, உங்கள் மகளின் மாமன்,
தயாபரன்